மூவாயிரம் புள்ளியும் ஒரு முழுச் சனிக்கிழமையும்

அந்த ஞாயிற்றுக்கிழமை காலையில், கர்டிஸ் மாக்கி திருந்திவிடுவது என்று முடிவு செய்தான்.

ஆயுசு முழுக்க இல்லை. அப்படி அவசரப்படுகிற ஆள் இல்லை அவன். வருகிற சனிக்கிழமை மாலை நாலு மணி வரைக்கும் திருந்தினால் போதும். அதற்கு மேல் ஒரு நிமிஷம் திருந்தினாலும் அது வீண் செலவு.

கர்டிஸ் தண்டர் பே துறைமுகத்தில், தானியக் கிடங்கில் சுமை தூக்கும் ஃபோர்க்லிஃப்ட் வண்டி ஓட்டுகிறான். அது பகல் வேஷம். வீட்டுக்கு அடியில் இருக்கும் பேஸ்மென்ட்டில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து காதில் ஹெட்போனை மாட்டிவிட்டால் அவன் கர்னல் பாப்காட். ஐந்து பேர் இந்தப் பக்கம், ஐந்து பேர் அந்தப் பக்கம், நடுவில் ஒரு இடிந்த ஊர். சுட்டுக்கொள்ள வேண்டியதுதான். ஒரு ஆட்டம் ஜெயித்தால் பதினைந்து புள்ளி. மூவாயிரம் புள்ளி சேர்ந்தால் கர்னலின் துப்பாக்கி தங்கமாக மாறும்.

தங்கத் துப்பாக்கி வேகமாகச் சுடுமா? சுடாது. குறி தப்பாமல் சுடுமா? அதுவும் இல்லை. மின்னும். அவ்வளவுதான். அப்புறம் எதற்கு என்று கேட்கிறவர்களோடு கர்டிஸ் பேச்சு வைத்துக்கொள்வதில்லை.

அவனிடம் இரண்டாயிரத்துத் தொள்ளாயிரத்துப் பத்து புள்ளி இருந்தது. நாலு மாத உழைப்பு. இன்னும் ஆறே ஆறு வெற்றி. ஆனால் சனிக்கிழமை நாலு மணிக்கு சீசன் முடிகிறது. அந்த நிமிஷமே எல்லாருடைய புள்ளியும் பூஜ்யம். தங்கம் வாங்கியவன் பெரும்புள்ளி. வாங்காதவனுக்கு முற்றுப்புள்ளி.

வார நாளில் அவனுக்குக் கிடைப்பது ஒரு மணி நேரம். அந்த ஒரு மணி நேரத்தில் அவன் ஒரு ஆட்டம் ஜெயித்து இரண்டு ஆட்டம் தோற்று, நாலு பேரைத் திட்டிவிட்டு மேலே வருவான். அதில் நம்பிக்கை வைக்க முடியாது. ஒரு முழுச் சனிக்கிழமை வேண்டும்.

அந்தச் சனிக்கிழமையை அவன் ஏற்கெனவே மனைவிக்குக் கொடுத்துவிட்டிருந்தான். ஷெல்பிக்கு அன்றைக்கு கர்லிங் போட்டி. பனித்தரையில் ஒரு கல்லைத் தள்ளிவிட்டு அதற்கு முன்னால் பெருக்கிக்கொண்டே ஓடுகிற ஆட்டம் அது. அன்று முழுக்க இரண்டு வயது டெஸ்ஸாவைத் தான் பார்த்துக்கொள்வதாக ஜனவரி மாதமே வாக்குக் கொடுத்திருந்தான். ஜனவரியில் மார்ச் ரொம்பத் தூரத்தில் இருந்தது. எந்த வாக்கையும் கொடுக்கலாம் போலிருந்தது.

அதனால்தான் இந்தத் திருந்தல். ஷெல்பி பான்கேக்கைத் திருப்பிக்கொண்டிருந்தபோது அவன் தொண்டையைச் செருமினான்.

"ஷெல்பி, நான் ஒண்ணு யோசிச்சேன்."

"ஐயையோ. எப்போ?"

"இப்பத்தான்."

"இப்ப எப்படி இருக்கு? வலி இல்லையே?"

"கேளேன். இந்த வீட்ல வேலை ஏன் நடக்க மாட்டேங்குது தெரியுமா?"

"தெரியும். எதிர்ல உக்காந்து பான்கேக் தின்னுட்டு இருக்கு."

"அது இல்ல. இங்க பரிசு இல்ல. அதான் காரணம். ஒரு மனுஷன் பாத்திரம் தேய்ச்சா அவனுக்கு என்ன கிடைக்குது?"

"தேய்ச்ச பாத்திரம்."

"பாத்தியா! விளையாட்டுல அப்படி இல்ல. எது பண்ணாலும் புள்ளி. புள்ளி சேர்ந்தா பரிசு. அதான் ஆளுங்க சோறு தண்ணி இல்லாம உழைக்கறாங்க. நம்ம வீட்லயும் அதே மாதிரி வச்சுக்கலாம். ஒவ்வொரு வேலைக்கும் இத்தனை புள்ளி. மூவாயிரம் சேர்ந்தா ஒரு பரிசு."

ஷெல்பி அடுப்பைச் சின்னதாக்கினாள். "என்ன பரிசு?"

இந்த இடத்தில்தான் கர்டிஸ் தன் சாமர்த்தியத்தைக் காட்டினான். சனிக்கிழமை என்று இப்போதே சொன்னால் அவள் உஷாராகிவிடுவாள். வெள்ளிக்கிழமை சாயங்காலம், மூவாயிரத்தைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டால் மறுக்க வழியே இருக்காது.

"அது... விளையாட்டுல எப்படியோ அப்படி. பரிசு மட்டும் இல்ல, எல்லா விதியும் விளையாட்டுல இருக்கற மாதிரியே வச்சுக்கலாம்."

"எல்லா விதியுமா?"

"எல்லா விதியும்."

"அப்புறம் மாத்த மாட்டியே?"

"நான் ஏன் மாத்தறேன்? உனக்குத்தான் விளையாட்டைப் பத்தி ஒண்ணும் தெரியாது. பரவாயில்ல, போகப் போக நான் சொல்லித் தர்றேன்."

"சரி கண்ணு," என்றாள் ஷெல்பி.

கர்டிஸ் மறந்துபோன விஷயம் ஒன்று உண்டு. நாலு வருஷமாகச் சாப்பாட்டு மேசையில் அவன் ஒருத்தன்தான் பேசியிருக்கிறான். எந்த வேஷத்துக்கு எவ்வளவு நேரம் காத்திருக்கணும், பாதியில் ஓடினவனுக்கு என்ன தண்டனை, புது விதி வந்து எப்படி வயிற்றில் அடித்தது என்று நாலு வருஷம். எதிரில் ஒருத்தி உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தாள்.

அவளுக்கு வேலை ஒரு இன்சூரன்ஸ் ஆபீஸில். பணம் தர மாட்டோம் என்பதை மரியாதையாக எழுதும் வேலை.

அவள் மேஜை இழுப்பறையிலிருந்து ஒரு தாளை எடுத்தாள். முதலில் தேதியைப் போட்டாள். அப்புறம் இரண்டே வரி எழுதினாள். 'வீட்டு வேலைக்குப் புள்ளிகள் வழங்கப்படும். விதிகளும் பரிசும் முழுக்க முழுக்க விளையாட்டில் உள்ளபடி.' கர்டிஸ் பான்கேக் பாகு ஒட்டிய விரலால் பேனாவைப் பிடித்துக் கையெழுத்துப் போட்டான். தாள் குளிர்பெட்டிக் கதவில் ஏறியது.

வாசலில் பனி அள்ளப் போனபோது அவனுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. பக்கத்து வீட்டு வெர்ன் வேலியோரம் நின்றிருந்தான். வெர்னுக்குத் தபால் இலாகாவில் வேலை. இரண்டு தடவை விவாகரத்து ஆனவன். அதனால் தெருவில் யாருக்கு வேண்டுமானாலும் கல்யாண ஆலோசனை சொல்வான்.

"என்னப்பா, தனியா சிரிக்கறே?"

கர்டிஸ் விஷயத்தைச் சொன்னான்.

"வாய்ப் பேச்சாத்தானே?" என்றான் வெர்ன்.

"இல்ல, எழுதியாச்சு."

"கையெழுத்து?"

"போட்டாச்சு."

"ஷெல்பி எங்க வேலை பாக்கறா?"

"இன்சூரன்ஸ் ஆபீஸ்ல. ஏன்?"

வெர்ன் கம்பளித் தொப்பியைக் கழற்றி நெஞ்சோடு வைத்துக்கொண்டான்.

"எதுக்குத் தொப்பியைக் கழட்டற? காது உறைஞ்சுடும்."

"யாராவது போய்ச் சேர்ந்தா கழட்டறது எங்க வீட்டு வழக்கம்," என்றான் வெர்ன்.

திங்கட்கிழமை காலையிலேயே கர்டிஸ் பெரிய வேலையாகப் பார்த்தான். பனி மெஷின். கயிற்றை இழுத்தால் உறுமும். பத்தடி தூரத்துக்குப் பனியை வீசும். தெருவே திரும்பிப் பார்க்கும். குறைந்தது இருநூறு புள்ளி தேறும் என்று கணக்குப் போட்டு கராஜ் சாவியைக் கேட்டான்.

"அதுக்கு வரிசை இருக்கே," என்றாள் ஷெல்பி.

"என்ன வரிசை? வீட்ல இருக்கறதே ரெண்டு பேரு."

"நீதானே சொன்ன, சுடற வேஷத்துக்கு எல்லாரும் அடிச்சுக்குவாங்க, காத்துக் கிடக்கணும்னு?"

"சொன்னேன்."

"வைத்தியம் பாக்கற வேஷத்துக்கு ஆளே வராது, கேட்ட உடனே உள்ள விட்டுடுவாங்கன்னு?"

"அதுவும் சொன்னேன். அதுக்கென்ன?"

"பனி மெஷின் சுடற வேஷம். வரிசைல நில்லு. வைத்தியம் பாக்கற வேஷத்துல ஒரு டயபர் காலியா இருக்கு. காத்திருக்கவே வேண்டாம்."

"காலியாவா இருக்கு?"

"நல்லா நிறைஞ்சுதான் இருக்கு."

அடுத்த அறையிலிருந்து டெஸ்ஸா, ஆட்டம் தயார் என்று வீடே அதிர அறிவித்தாள்.

"பனி மெஷினுக்கு எவ்வளவு நேரம் ஆகும்?" என்றான் கர்டிஸ் கடைசி முயற்சியாக.

ஷெல்பி கடிகாரத்தைப் பார்த்தாள். "உத்தேசமா வியாழக்கிழமை."

அன்றைக்கு அவன் நாலு டயபர் மாற்றினான். இரண்டு தடவை பாத்திரம் கழுவினான். டெஸ்ஸா சுவரில் வரைந்த மாட்டை அழித்தான். அது மாடு இல்லை, அப்பா என்று டெஸ்ஸா அழுதாள். ஒரு தாளில் ஷெல்பி சின்னச் சின்னதாகப் புள்ளி போட்டுக்கொண்டே வந்தாள். மொத்தம் நானூற்று எண்பது. அதை கர்டிஸ் இரண்டு தடவை கூட்டிப் பார்த்தான். நாலு வருஷமாக இந்த வீட்டில் அவன் செய்த வேலைக்கு எண் இருந்ததே இல்லை. வேலையும் இருந்ததில்லை என்பது வேறு விஷயம்.

செவ்வாய்க்கிழமை சிக்கல் வந்தது. பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தபோது விளையாட்டுக் கூட்டாளிகள் போனில் கூப்பிட்டார்கள். ஒரு ஆள் குறைகிறதாம், உடனே வா என்றார்கள். கர்டிஸ் சூப் பானையில் தண்ணீரை ஊற்றி வைத்துவிட்டு நைசாக பேஸ்மென்ட் படியில் கால் வைத்தான்.

"பானை?" என்றாள் ஷெல்பி.

"ஊறுது."

"எத்தனை நாள் ஊறும்?"

"ஒரு ஆட்டம்தான். வந்து முடிச்சுடறேன்."

"உன் விளையாட்டுல ஒருத்தன் ஆட்டத்தைப் பாதியில விட்டுட்டுப் போனா என்ன செய்வாங்க?"

இந்தக் கேள்விக்கு கர்டிஸ் ஆயிரம் தடவை ஆவேசமாகப் பதில் சொல்லியிருக்கிறான். பாதியில் ஓடுகிறவனைக் கட்டிவைத்து உதைக்க வேண்டும் என்பது அவன் கட்சி. வாய் தானாகத் திறந்தது.

"புள்ளியைப் பிடுங்குவாங்க. அன்னிக்கு ஆடவும் விட மாட்டாங்க. அவனுக்கெல்லாம் அது..."

அப்புறம்தான் பானை ஞாபகம் வந்தது.

"பத்தாது," என்று அவனுக்காக ஷெல்பியே முடித்தாள். "அதைத்தானே எப்பவும் சொல்லுவ? நூறு புள்ளி போச்சு. பேஸ்மென்ட் கதவுக்கும் இன்னிக்குப் பூட்டு."

புதன்கிழமை அடுப்பைச் சுத்தம் செய்யும்போது கையைச் சுட்டுக்கொண்டு கர்டிஸ் ஒரு வார்த்தை சொன்னான். துறைமுகத்தில் அது சாதாரண வார்த்தை. 'காலை வணக்கம்' மாதிரி.

"கெட்ட வார்த்தை," என்றாள் ஷெல்பி.

"கை சுட்டுடுச்சு!"

"விளையாட்டுல கெட்ட வார்த்தை பேசினா?"

கர்டிஸ் கையைக் குழாயடியில் நீட்டினான். சொல்லாமலே அவளுக்குத் தெரிந்திருந்தது. பேச்சுத் தடை, இருபத்து நாலு மணி நேரம். சாப்பாட்டு மேசையில் உப்பு வேண்டும் என்று அவன் கையால் காட்டினான். ஷெல்பி மிளகைக் கொடுத்தாள். இல்லை என்று தலையாட்டினான். கடுகுச் சாற்றைக் கொடுத்தாள். நாலு வருஷத்தில் முதல் தடவையாக அந்த மேசையில் ஷெல்பி பேசினாள். ஆபீஸில் நடந்தது, அவள் கர்லிங் குழுவில் நடந்தது, பல் டாக்டர் சொன்னது எல்லாவற்றையும் முழுசாகச் சொல்லி முடித்தாள். ரொம்ப நல்ல சாப்பாடு என்றாள்.

வியாழக்கிழமை பனி மெஷினுக்கு முறை வந்தது. பனி பெய்யவில்லை.

"பனியே இல்லையே!" பேச்சுத் தடை முடிந்ததும் அவன் கத்திய முதல் வார்த்தை இதுதான்.

"வரிசைல நின்னு உள்ள போனா எதிராளி வராத ஆட்டமும் உண்டுன்னு நீதானே சொன்ன?" என்றாள் ஷெல்பி. "துணி மடிக்கறியா? அதுல தொடர்ச்சியா மூணு கூடை மடிச்சா ஊக்கப் புள்ளி அம்பது இருக்கு."

ஊக்கப் புள்ளி என்ற வார்த்தையைக் கேட்டதும் கர்டிஸின் காது நிமிர்ந்தது. மூன்று கூடை மடித்தான். நாலாவது கூடைக்கு வீட்டில் துணி இல்லை. மடித்ததைக் கலைத்து மறுபடி மடிக்கலாமா என்று கூட ஒரு நிமிஷம் பார்த்தான். அது கள்ள ஆட்டம் என்று மனசாட்சி தடுத்தது.

இதற்கு நடுவில் அவன் ஒரு சின்னக் கணக்கைக் கவனிக்கவில்லை. வீட்டுப் புள்ளி ஏறிக்கொண்டே போனது. கர்னல் பாப்காட்டின் புள்ளி ஞாயிற்றுக்கிழமை எங்கே இருந்ததோ அங்கேயே இருந்தது. வாரம் முழுக்க அவன் விளையாடவே இல்லை. விளையாடுவதற்காக உழைத்ததில் விளையாட நேரம் கிடைக்கவில்லை.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் குளியலறை ஓடு இடுக்கைப் பழைய பல் தேய்க்கும் பிரஷ்ஷால் தேய்த்து முடித்தபோது மூவாயிரம் ஆனது. கர்டிஸ் கையைக் கூடக் கழுவாமல் சமையலறைக்கு வந்தான். இடுப்பில் கை வைத்து நின்றான்.

"மூவாயிரம்."

"பாத்தேன். அசந்துட்டேன். நீ தங்கமான புருஷன்."

"பரிசைக் குடு."

"குடுத்துடுவோம். என்ன வேணும்?"

வாரம் முழுக்க அடக்கி வைத்திருந்ததை அவன் ஒரே மூச்சில் சொன்னான். "நாளைக்கு. முழுசா. காலைல எட்டு மணிலேர்ந்து சாயங்காலம் நாலு மணி வரைக்கும் நான் பேஸ்மென்ட்ல இருப்பேன். என்னை யாரும் கூப்பிடக் கூடாது. டெஸ்ஸாவுக்கு நீ வேற ஏற்பாடு பண்ணிக்கோ."

ஷெல்பி கோபப்படவில்லை. அதுதான் கர்டிஸுக்குப் பயமாக இருந்தது. அவள் குளிர்பெட்டிக் கதவிலிருந்து தாளை எடுத்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டு படித்தாள். ஆபீஸில் இப்படித்தான் படிப்பாள் போலிருந்தது.

"'பரிசும் முழுக்க முழுக்க விளையாட்டில் உள்ளபடி.' கர்ட், உன் விளையாட்டுல புள்ளி குடுத்துக் கூடுதல் உயிர் வாங்கலாமா?"

"சே. அது ஏமாத்து."

"வேகமா ஓடற காலு?"

"கிடையாது."

"கூடுதல் நேரம்?"

கர்டிஸ் கை கழுவக் குழாய்ப் பக்கம் நகர்ந்தான்.

"சொல்லு. கூடுதல் நேரம் விப்பாங்களா, மாட்டாங்களா?"

"...மாட்டாங்க."

"அப்ப மூவாயிரத்துக்கு என்னதான் தருவாங்க?"

"அலங்காரம்," என்றான் கர்டிஸ். அவன் சொல்லவில்லை, வாய் சொன்னது. நாலு வருஷப் பழக்கம். வாய் அதோடு நிற்கவும் இல்லை. "அலங்காரம் மட்டும்தான். காசோ புள்ளியோ குடுத்து எவனும் பலம் வாங்கிடக் கூடாது. அதான் நியாயமான ஆட்டம்."

"எவ்வளவு அழகா சொல்ற!" என்றாள் ஷெல்பி. "எங்க ஆபீஸ்ல கூட யாரும் இவ்வளவு தெளிவா மறுக்க மாட்டாங்க."

அவள் கராஜுக்குப் போய் ஒரு போர்வையில் சுற்றிய சாமானோடு வந்தாள். போர்வையை உருவினாள்.

அவன் பனி அள்ளுகிற பழைய ஷவல். அலகிலிருந்து கைப்பிடி வரை தங்கம். நடுவில், பிடிக்கிற இடத்தில், சின்னதாக ஒரு காட்டுப்பூனை முகம். பாப்காட்டின் முகம்.

கர்டிஸுக்குக் கோபம் வந்தது. நியாயமான கோபம், உடம்பெல்லாம் ஏறுகிற கோபம். ஐந்து நாள் உழைப்பு. எத்தனை டயபர். அவன் ஒரு பெரிய பேச்சுக்காக மூச்சை இழுத்தான். அந்த நேரம் பார்த்து அவள் ஷவலைக் கொஞ்சம் திருப்பினாள். விளக்கு வெளிச்சம் அலகு மேலே வழிந்து ஓடியது.

மூச்சு இழுத்தபடியே நின்றது.

"ரெண்டு கோட் அடிச்சியா?" என்றான்.

"மூணு. மேல வார்னிஷ்."

"கைப்பிடிக்கு அடியில கூடவா?"

"தெரியற இடத்துல மட்டும் அடிச்சா அது பரிசா?"

கர்டிஸ் அதைக் கையில் வாங்கினான். கோபமாகத்தான் வாங்கினான். ஆனால் வாங்கினான்.

மறுநாள் ஒன்பது மணிக்கு ஷெல்பி துடைப்பத்தைத் தோளில் போட்டுக்கொண்டு போட்டிக்குப் போனாள். ராத்திரி பெய்த பனி முழங்கால் உயரத்துக்குக் கிடந்தது. கர்டிஸ் மனம் தளரவில்லை. அவனிடம் கடைசியாக ஒரு கணக்கு இருந்தது. டெஸ்ஸா ஒரு மணிக்குத் தூங்குவாள், மூன்று மணிக்கு எழுந்திருப்பாள். இரண்டு மணி நேரம். ஒரு ஆட்டம் இருபது நிமிஷம். ஆறு ஆட்டம். வேண்டியதும் ஆறு வெற்றி. ஆறையும் ஜெயித்தால் தங்கம். அவன் வாழ்க்கையில் தொடர்ந்து ஆறு ஜெயித்ததில்லை. அதை அவன் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

ஒன்று அடித்து இரண்டு நிமிஷத்தில் டெஸ்ஸா கண்ணை மூடினாள். கர்டிஸ் படியில் பாய்ந்து இறங்கினான். கம்ப்யூட்டரைத் தட்டினான். புதுப் பதிப்பு இறங்குகிறது, பதினெட்டு நிமிஷம் பொறுங்கள் என்றது திரை.

பதினெட்டு நிமிஷம் சும்மா உட்கார்ந்து என்ன செய்வது? வாசல் பனியாவது கொஞ்சம் அள்ளலாம். வேண்டுமென்றால், சும்மா, அந்த ஷவலால். எப்படி இருக்கிறது என்று பார்க்க. ஐந்தே நிமிஷம். டெஸ்ஸாவின் மூச்சு கேட்கிற பெட்டியைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, பூட்ஸை மாட்டிக்கொண்டு வெளியே வந்தான்.

வெயில் வந்திருந்தது. வெள்ளைப் பனிக்கு நடுவில் அவன் ஷவலைத் தூக்கினான். தெரு முழுக்கப் பளீர் என்றது.

"ஏம்ப்பா கர்டிஸ்!" வெர்ன் வேலியோரம் ஓடி வந்தான். "அது என்னது?"

"எது?" என்றான் கர்டிஸ், கையில் ஏதோ இருப்பதே தெரியாதவன் போல.

"அதான். அந்தத் தங்கம்."

"ஓ, இதுவா. ஷவல்."

"பனி நிறைய அள்ளுமா?"

"அதே அளவுதான்."

"லேசா இருக்குமோ?"

"பெயிண்ட்டுக்குக் கொஞ்சம் கனம் கூட."

"அப்புறம் எதுக்கு அது?"

"உன்கிட்ட இருக்கா?"

"இல்ல."

"அதுக்குத்தான்."

வெர்ன் தன் கையில் இருந்த சிவப்பு பிளாஸ்டிக் ஷவலைப் பார்த்தான். பத்து வருஷமாகப் பார்க்கிற ஷவல்தான். இன்றைக்கு அதை மெதுவாக முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனான்.

"எந்தக் கடையில வாங்கின?"

"கடையிலயா?" கர்டிஸ் சிரித்தான். பாவம், விவரம் தெரியாதவன் என்கிற சிரிப்பு. "இதெல்லாம் காசுக்குக் கிடைக்காது வெர்ன். சம்பாதிக்கணும். மூவாயிரம் புள்ளி."

"நாப்பது டாலர் தர்றேன்."

"நானூறு குடுத்தாலும் கிடையாது."

"கொஞ்சம் பிடிச்சுப் பாக்கலாமா?"

கர்டிஸ் யோசித்தான். "கையுறையைக் கழட்டிட்டுப் பிடி. வார்னிஷ்ல கீறல் விழும்."

எதிர்வீட்டுக்காரி நாயோடு வந்து நின்றாள். நாயும் நின்றது. மூலை வீட்டில் ஜன்னல் திரை விலகியது. இத்தனை பேர் பார்க்கும்போது பாதி வாசலோடு நிறுத்தினால் நன்றாக இருக்குமா? கர்டிஸ் வாசலை முடித்தான். நடைபாதையை முடித்தான். வெர்ன் வீட்டு நடைபாதையையும் முடித்தான், வெர்னைத் தொட விடாமல். மண்வெட்டி என்பார்கள், பனிவெட்டி என்பார்கள், இது பொன்வெட்டி. யாரும் நடக்காத மூலைக்கு ஒரு பாதை வெட்டினான், அங்கே வெயில் நன்றாக விழுந்தது என்பதற்காக.

நடுவில் சட்டைப் பை அழுதது. டெஸ்ஸா எழுந்துவிட்டாள். அவளுக்குக் கோட்டும் தொப்பியும் போட்டுக் கொண்டுவந்து சறுக்குவண்டியில் உட்கார வைத்தான். "அப்பா மின்னுது!" என்றாள் டெஸ்ஸா. பெற்ற பெண் வாயால் கேட்டபிறகு ஒரு மனுஷன் எப்படி நிறுத்துவான்? பஸ் நிறுத்தம் வரைக்கும் போனான்.

ஷெல்பியின் கார் வந்து நின்றது. அவள் இறங்கினாள். கையில் ஒரு முழுப் பன்றித்தொடை, சிவப்பு நாடா கட்டியது. அவர்கள் குழு இரண்டாம் பரிசு வாங்கியிருந்தது.

"என்ன கர்ட், இன்னும் வெளியிலயா? நீ கீழ போகலையா?"

"போகணும். ஒரு அஞ்சு நிமிஷம் பாத்துட்டுப் போலாம்னு வந்தேன்."

"மணி நாலு நாப்பது."

கர்டிஸின் கை நின்றது. கீழே பேஸ்மென்ட்டில் கர்னல் பாப்காட் ஒன்றரை மணியிலிருந்து தனியாக நின்றுகொண்டிருந்தான். நாலு மணிக்கு அவன் புள்ளியெல்லாம் பூஜ்யமாகி நாற்பது நிமிஷம் ஆகியிருந்தது. நாலு மாதம். இரண்டாயிரத்துத் தொள்ளாயிரத்துப் பத்து.

வெர்ன் மரியாதையாக வேறு பக்கம் பார்த்தான். ஷெல்பிக்கே கொஞ்சம் பாவமாகத்தான் இருந்தது. பன்றித்தொடையைக் காரின் மேல் வைத்துவிட்டுக் கிட்டே வந்தாள்.

"கர்ட்? ஏதாவது சொல்லேன்."

கர்டிஸ் ஷவலில் சாய்ந்து நின்றான். ரொம்ப நேரம் கராஜ் கதவையே பார்த்தான். அப்புறம் குரலைத் தாழ்த்தி, வெர்ன் காதில் விழாமல் கேட்டான்.

"அந்தப் பனி மெஷினுக்குத் தங்கம் அடிக்க எத்தனை புள்ளி?"

"ஆறாயிரம்."

கர்டிஸ் விரல் விட்டு எண்ணினான். முகம் மலர்ந்தது.

"ரெண்டே வாரம்தானே!"